‘சீரியல் அக்கா’விடம் தண்டையார்பேட்டை கேட்கும் கேள்விகள்

தண்டையார்பேட்டையில் எங்கள் தெருவில் எனக்குப் பெயர் ‘சீரியல் அக்கா’. இருபது வருடத்துக்கு மேலாகச் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் கேரக்டர் ரோல் செய்கிறேன். அம்மா, அத்தை, வேலைக்காரி, ஹாஸ்டல் வார்டன், பக்கத்து வீட்டுக்காரி, இரண்டு முறை நீதிபதி. ரேஷன் கடை வரிசையிலும் மெட்ரோவிலும் ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். ஒரு சாவு வீட்டில்கூட ஒருவர் கேட்டார். அங்கே பதில் சொல்ல முடியவில்லை. அவருக்கும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

கேரக்டர் ஆர்ட்டிஸ்ட் என்றால் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்தானே?

இல்லை. ஜூனியர் ஆர்ட்டிஸ்ட் கூட்டத்தில் நிற்பவர். கல்யாண வீடு, சந்தை, கோர்ட் என்று காட்சிக்கு ஆள் வேண்டுமென்றால் ஏஜென்ட் வழியாக அழைத்துப் போவார்கள். அன்றன்றைக்குக் கூலி. அவர்களுக்குத் தனி யூனியன் இருக்கிறது. கேரக்டர் ஆர்ட்டிஸ்டுக்குக் கதைக்குள் ஒரு பெயரோ உறவோ இருக்கும், வசனம் இருக்கும், கால்ஷீட் பேசி, அதாவது எந்தெந்த நாள் என்று பேசி வைத்துக் கூப்பிடுவார்கள். நானும் இரண்டு வருடம் கூட்டத்தில் நின்றவள்தான், அதனால் அந்த வேலையைக் குறைத்துப் பேச மாட்டேன். உச்சி வெயிலில் நாலு மணி நேரம் ஒரே இடத்தில் நின்று, கேமரா திரும்பும்போது மட்டும் சந்தோஷமாகக் கை தட்டிப் பாருங்கள், தெரியும்.

உங்களுக்கு யார் சான்ஸ் வாங்கிக் கொடுத்தது?

யாரும் இல்லை. பள்ளியில் படிக்கும்போது கிறிஸ்துமஸ் நாடகத்தில் சேர்ந்தேன். மரியாள் வேஷம் சிவப்பாக இருந்த பெண்ணுக்குப் போனது. எனக்குக் கிடைத்தது சத்திரக்காரி. ஒரே வசனம்: “இடமில்ல, போங்க.” ஒத்திகையில் அதைக் கத்திச் சொல்லச் சொன்னார்கள். நாடகத்தன்று என்ன தோன்றியதோ, கையில் இருந்த விளக்கைத் தூக்கி மரியாளின் வயிற்றை ஒரு தரம் பார்த்துவிட்டு, குரலை இறக்கிச் சொல்லிக் கதவைச் சாத்தினேன். முன்வரிசையில் ஒரு பாட்டி “அடிப்பாவி!” என்று கத்தியது. எனக்குக் கிடைத்த முதல் விமர்சனம் அதுதான்.

அப்புறம் கல்யாணம், குழந்தை. 2004-ல் எங்கள் தெருவில் இருந்த ஒரு ஏஜென்ட், பின்னி மில்லில் ஷூட்டிங், சந்தைக் காட்சிக்குப் பெண்கள் வேண்டும் என்றார். மூடிக் கிடந்த அந்த மில்லில்தான் அந்தக் காலத்தில் பாதிப் படங்களின் சண்டைக்காட்சியும் செட்டும். வட சென்னைக்காரிக்கு சினிமா என்பது கோடம்பாக்கம் இல்லை, பெரம்பூர் பக்கத்து மில் காம்பவுண்ட். அன்றைக்குக் கையில் வந்தது 250 ரூபாய், கூடவே ஒரு பொட்டலம் பிரியாணி. மூன்றாம் நாள் வசனம் பேச வேண்டிய அம்மா வரவில்லை. கோ-டைரக்டர் கூட்டத்தைப் பார்த்து “யாராவது பேசுவீங்களா?” என்றார். பேசினேன். ஒன்றரை வரி.

கலராக, அழகாக இருக்க வேண்டாமா? வயசாகிவிட்டால் என்ன செய்வது?

எங்கள் வேலையில் வயசு வேலையைக் கெடுக்காது, கொண்டு வரும். வடிவுக்கரசி அம்மாவைப் பாருங்கள். 1979-ல் ‘கன்னிப் பருவத்திலே’யில் கதாநாயகி. ஆறே வருடத்தில், 1985-ல், ‘முதல் மரியாதை’யில் சிவாஜிக்கு மனைவி. அப்போது அவருக்கு இருபதுகளில்தான் வயசு. 1997-ல் ‘அருணாச்சலம்’ படத்தில் தன்னைவிட வயதில் மூத்த ரஜினிக்குப் பாட்டி. அந்தப் பாட்டியைக் கூன் முதுகோடு தியேட்டரில் பார்த்துத் திட்டாதவர்கள் உண்டா? ஹீரோயினாக மட்டும்தான் நிற்பேன் என்று அவர் இருந்திருந்தால் நமக்கு அந்த இரண்டு பேரும் கிடைத்திருக்க மாட்டார்கள்.

நிறம் விஷயம் வேறு, அதில் பொய் சொல்ல விரும்பவில்லை. கறுப்பாக இருந்தால் வேலைக்காரி வேஷம் சீக்கிரம் வரும், டாக்டர் வேஷம் தாமதமாக வரும். நான் நடித்த இரண்டு நீதிபதியில் ஒன்றுக்கு என் முகத்தை மூன்று ஷேட் ஏற்றினார்கள். கழுத்து வேறு, முகம் வேறு. தீர்ப்பு சொல்லும்போது எனக்கே சிரிப்பு வந்தது.

எப்போதும் மீன்காரி வேஷம்தான் தருகிறார்களாமே?

எப்போதும் இல்லை, ஆனால் நிறைய. ‘எந்த ஊர்?’ என்று கேட்டு, ‘தண்டையார்பேட்டை’ என்று சொன்னால், அடுத்த கேள்வி மீன் வெட்டத் தெரியுமா என்பதுதான். தெரியும் என்பேன். பொய் இல்லையே. ஒரே ஒரு முறை அந்தக் கேள்வி எனக்கு நல்லது செய்தது.

காசிமேட்டுப் பக்கம் ஒரு வீட்டு வாசலில் காட்சி. நான் ஹீரோயினுக்குப் பக்கத்து வீட்டு அக்கா. அவள் இரண்டு பக்க வசனத்தில் தன் கஷ்டத்தைச் சொல்வாள், நான் மீன் ஆய்ந்துகொண்டே கேட்க வேண்டும். ஆர்ட் டிபார்ட்மெண்ட் தம்பி அருவாமனையும் முழு வஞ்சிரமும் கொண்டு வந்து வைத்தான். நான் கேட்டேன், “தம்பி, வாடகை குடுக்க முடியாத பொம்பள வீட்ல ஏது வஞ்சிரம்?” பக்கத்தில் இருந்த டைரக்டருக்குக் காதில் விழுந்துவிட்டது. “அப்ப என்ன மீன்க்கா?” என்றார். நெத்திலி என்றேன். நெத்திலிக்கு அருவாமனை வேண்டாம். கட்டைவிரல் நகத்தால் தலைக்குக் கீழே கிள்ளி இழுத்தால் குடலும் சேர்ந்து வந்துவிடும். ஒரு மீனுக்கு இரண்டு விநாடி. தலை ஒரு பக்கம், மீன் ஒரு பக்கம். கண் கீழே இருக்கவே தேவையில்லை, எதிரே இருப்பவளைப் பார்த்துக்கொண்டே செய்யலாம்.

இரண்டு கிலோ வாங்கி வந்தார்கள். பதினோரு டேக். ஒவ்வொரு டேக்குக்கும் கன்டினியூட்டி, அதாவது முந்தைய டேக்கோடு எல்லாம் பொருந்துகிறதா என்று பார்க்கும் பெண் என் தட்டில் தலைகளை எண்ணி வைத்தாள். “அக்கா, ‘அவரு வரமாட்டாருக்கா’ன்னு அவங்க சொல்றப்ப நீங்க நாலாவது மீன்ல இருந்தீங்க.” அவள் சொன்னதும்தான் எனக்கே தெரிந்தது: முதல் டேக்கில் அந்த வசனத்தைக் கேட்டு என் விரல் கிள்ளாமல் நின்றிருக்கிறது. நடிக்கவேண்டும் என்று நினைத்துச் செய்ததில்லை. பிறகு ஒவ்வொரு டேக்கிலும் நாலாவது மீனில் நிறுத்தினேன். சாப்பாட்டு நேரத்துக்குள் மீன் நாற ஆரம்பித்துவிட்டது. ஹீரோயின் மூக்கைப் பொத்திக்கொண்டு போனதில் தப்பு சொல்ல முடியாது.

படம் அகஸ்தியா தியேட்டரில் வந்தது. 2020-ல் மூடிவிட்டார்களே, அதே அகஸ்தியாதான். அம்மாவையும் தெருப் பெண்களையும் கூட்டிக்கொண்டு போனேன். அந்தக் காட்சி வந்தது. என் முகம் வரவே இல்லை. ஹீரோயின் முகம், அப்புறம் மீன் ஆயும் கை, மறுபடி ஹீரோயின், மறுபடி கை, கை நிற்கிறது. அவ்வளவுதான். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. பக்கத்தில் அம்மா முன்சீட்டுக்காரரைத் தட்டி, “அது எம் பொண்ணு கை,” என்றாள். சின்ன வயசில் கஞ்சி வடிக்கும்போது சுட்டுக்கொண்ட தழும்பு இடது மணிக்கட்டில் இருக்கிறது. அதை வைத்துக் கண்டுபிடித்திருக்கிறாள்.

புது வேஷம் வந்தால் வசனத்தைவிட முன்னால் நான் கேட்பது, ‘அந்த அம்மா பேசும்போது கை என்ன செய்யுது?’ என்றுதான். வீட்டில் எந்தப் பெண் சும்மா உட்கார்ந்து பேசுகிறாள்? கீரை ஆய்வாள், துணி மடிப்பாள், பிள்ளைக்குப் பேன் பார்ப்பாள். சீரியலில்தான் பட்டுப்புடவை கட்டி ஹாலில் வரிசையாக நிற்பார்கள்.

மெட்ராஸ் பாஷை பேசச் சொன்னால் உங்களுக்குக் கோபம் வருமா?

பேசச் சொன்னால் வராது. காமெடிக்கு மட்டும் பேசச் சொன்னால் வரும். ஒரு உதவி இயக்குநர் எனக்கு எழுதித் தந்த ஒரு பக்கத்தில் நாலு ‘கஸ்மாலம்’, மூன்று ‘பேமானி’. நாள் முழுக்க வண்ணாரப்பேட்டை மார்க்கெட்டில் நின்றாலும் அத்தனை கிடைக்காது. எங்கள் பேச்சின் அடையாளம் வசைச்சொல் இல்லை. ‘நாஸ்தா துன்னியா?’ என்ற அக்கறையில் இருக்கிறது, ‘வூட்டாண்ட வா’வில் இருக்கிறது. அதற்குள் உருது, தெலுங்கு, சமஸ்கிருதம், இங்கிலீஷ் என்று துறைமுகத்தில் இறங்கிய எல்லாமே இருக்கிறது.

இன்னொன்று. எங்கள் பக்கம் நிஜமாகக் கோபம் வந்தால் பேச்சு சுத்தமாகிவிடும். என் அம்மா சாதாரணமாக என்னை ‘இன்னாமே’ என்பாள். “சரிங்க, உங்க இஷ்டம்” என்று சொன்னால் அன்றைக்கு வீட்டில் அடுப்பு எரியாது. இதை ஒரு சீரியலில் செய்து காட்டினேன், மருமகளிடம் திடீரென்று மரியாதையாகப் பேசினேன். “அக்கா, லோக்கலா இல்லியே” என்று ரீடேக் கேட்டார்கள்.

இந்தப் பாஷை இங்கே பிறந்தவருக்கு மட்டும்தான் வரும் என்றும் நான் சொல்ல மாட்டேன். ‘வா வாத்யாரே வூட்டாண்ட’ பாட்டைப் பாடி நடித்த மனோரமா ஆச்சி மன்னார்குடியில் பிறந்து, காரைக்குடி பக்கத்துப் பள்ளத்தூரில் வளர்ந்தவர். அந்தப் பாட்டு வந்த ‘பொம்மலாட்டம்’ 1968. அதே வருடம்தான் ‘தில்லானா மோகனாம்பாள்’, ஜில் ஜில் ரமாமணி. ஒரே வருடத்தில் ஆச்சியின் வாய் அதையும் பேசியது, இதையும் பேசியது. ஆயிரம் படம் தாண்டி கின்னஸில் பெயர் வந்தவர் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்கு அந்த எண்ணிக்கையைவிட இந்த 1968 பெரிசு.

‘மெட்ராஸ்’ (2014), ‘சார்பட்டா பரம்பரை’ (2021) மாதிரிப் படங்கள் வந்த பிறகு நிலைமை கொஞ்சம் மாறியிருக்கிறது. வியாசர்பாடியிலும் காதல் இருக்கிறது, துக்கம் இருக்கிறது, அதையும் இதே பாஷையில் பேசலாம் என்று தெரிந்துவிட்டது. ‘மெட்ராஸ்’ படத்தில் மேரியாக வந்த ரித்விகாவுக்குச் சிறந்த துணை நடிகைக்கான பிலிம்ஃபேர் விருது கிடைத்தபோது எங்கள் தெருவில் அவரை யாருக்கும் நேரில் தெரியாது. ஆனாலும் சொந்தக்காரப் பெண் ஜெயித்த மாதிரிப் பேசிக்கொண்டோம்.

சினிமாவா சீரியலா, எது நல்லது?

சினிமா பெயர் தரும், சீரியல் அரிசி தரும். பழைய பதில்தான், ஆனால் உண்மை.

1999-ல் ராதிகா நடித்த ‘சித்தி’ வந்த பிறகு, ஒரு தொடர் வருடக்கணக்கில் ஓடலாம் என்பது எல்லோருக்கும் புரிந்துபோனது. அதற்கு முன்னால் பதின்மூன்று வாரத்தில் முடியும் கதைகளைத்தான் அதிகம் பார்த்தோம். வருடக்கணக்கில் ஓடினால் அத்தைக்கும் வேலைக்காரிக்கும்கூட மாதத்தில் பத்து நாள் வேலை உறுதி. என் பெண் காலேஜ் முடித்தது ஒரு வில்லி அத்தையின் புண்ணியத்தில்.

ஆனால் வேகம் பயங்கரம். காலை ஏழு மணிக்கு மேக்கப் நாற்காலியில் இருக்க வேண்டும். அன்றைக்குள் ஒரு எபிசோட் அளவுக்காவது எடுத்துவிட வேண்டும். வசனப் பேப்பர் சில நாள் ஷாட்டுக்குப் பத்து நிமிடம் முன்னால்தான் வரும். கேமராவுக்குப் பின்னாலிருந்து உதவி இயக்குநர் வசனத்தைப் படிக்கப் படிக்க நாம் பிடித்துக்கொண்டு பேச வேண்டும், இதற்கு ப்ராம்ப்டிங் என்று பெயர். புதிதாக வருபவர்கள் ப்ராம்ப்டர் பக்கம் காதைச் சாய்ப்பார்கள், திரையில் கழுத்துச் சுளுக்கு மாதிரித் தெரியும். பிறகு ரியாக்‌ஷன்: ஹீரோயின் ஒரு வார்த்தை சொன்னால் வீட்டில் உள்ள எட்டுப் பேருக்கும் தனித்தனியாக க்ளோசப். “அக்கா ஷாக், அக்கா கோபம், அக்கா யோசனை” என்று மூன்றையும் ஒரே மூச்சில் எடுத்து வைத்துக்கொள்வார்கள், எந்த எபிசோடுக்கு வேண்டுமானாலும் போடலாம் இல்லையா?

சினிமாவில் ஒரு நாள் முழுக்கக் காத்திருந்து ஒரு ஷாட். அது வேறு விதக் கொடுமை.

சம்பளம் எவ்வளவு?

ஒவ்வொருவருக்கும் ஒரு கணக்கு, தொகை சொல்ல மாட்டேன். பேசுவது நாள் கணக்கில். போக்குவரத்துக்குப் பேட்டா தனி. சீரியலில் பணம் அன்றைக்கே கைக்கு வராது, மாதங்கள் தள்ளி வரும். ஒரு கம்பெனி எனக்கு ஒன்பது மாதம் இழுத்தடித்தது. கடைசியில் மேனேஜர் போனையே எடுக்கவில்லை. வேறு செட்டில் அவரே எதிரில் வந்தபோது, “நல்லா இருக்கீங்களாண்ணே?” என்று மட்டும் கேட்டேன். மறுவாரம் பாதி வந்தது. மீதி இன்றுவரை இல்லை. அதிலிருந்து ஒரு நோட்டில் தேதி, இடம், காட்சி, யார் கூப்பிட்டது என்று எழுதி வைக்கிறேன். நீங்களும் எழுதுங்கள்.

செக்கில் பத்து சதவீதம் டி.டி.எஸ்., அதாவது வருமான வரிக்கான முன்பிடித்தம், பிடித்துத்தான் தருவார்கள். முதல் ஆறு வருடம் அதை நான் கமிஷன் என்று நினைத்திருந்தேன். வரி கட்டும் அளவுக்கு வருமானம் இல்லையென்றால் கணக்குத் தாக்கல் செய்து திரும்ப வாங்கலாம். இதை எனக்குச் சொன்னது சினிமாக்காரர் யாரும் இல்லை, எங்கள் தெரு ஜெராக்ஸ் கடைக்காரர்.

‘அட்ஜஸ்ட்மெண்ட்’ உண்டாமே?

கேட்பவர்கள் இருக்கிறார்கள். என்னிடமும் கேட்டார்கள், அம்மா வேஷத்துக்கே. முடியாது என்று சொல்லி இரண்டு வாய்ப்பு போயிருக்கிறது. போனது போகட்டும் என்று இருந்த காலம் அது, சொல்ல இடமும் இல்லை. பணியிடப் பாலியல் துன்புறுத்தலுக்கு எதிரான சட்டம் 2013-ல் வந்தது. 2024-ல் நடிகர் சங்கம், நடிகை ரோகிணி தலைமையிலான குழுவிடம் புகார் தரலாம் என்று அறிவித்தது. குற்றம் உறுதியானால் ஐந்து வருடம் தொழிலில் இருந்து விலக்கப் பரிந்துரைப்போம் என்றும் தீர்மானம் போட்டது. பெரிய பெயர் இல்லாத பெண் போய்ப் புகார் கொடுத்தால் அடுத்த மாதம் யார் கால்ஷீட் கேட்பார்கள் என்ற பயம் இன்னும் இருக்கிறது. அதை மறைத்து ‘இப்ப எல்லாம் மாறிடுச்சு’ என்று சொல்ல மாட்டேன்.

அழுவது நிஜமா, கிளிசரினா?

கிளிசரின். மாதத்தில் ஒரு நாள் நிஜம். எந்த நாள் என்று செட்டில் யாருக்கும் தெரியாது.

தண்டையார்பேட்டையில் இருந்துகொண்டு எப்படிச் சமாளிக்கிறீர்கள்? வடபழனி, சாலிகிராமம் பக்கம் போய்விடலாமே?

எல்லோரும் சொல்வதுதான். முன்பெல்லாம் இருட்டோடு கிளம்பி பீச் ஸ்டேஷன் போய், தாம்பரம் வண்டி பிடித்து, கோடம்பாக்கத்தில் இறங்கி, ஷேர் ஆட்டோ. 2021 பிப்ரவரியில் எங்கள் பக்கம் மெட்ரோ வந்தது. இப்போது தண்டையார்பேட்டையில் ஏறி சென்ட்ரலில் மாறினால் நேராக வடபழனி. செம்பரம்பாக்கம் ஃபிலிம் சிட்டி என்றால் அங்கிருந்து கம்பெனி வண்டி. போகும் வழியில் வசனம் மனப்பாடம் செய்வேன். எதிர் சீட்டுக்காரர்கள் நான் யாரையோ திட்டுகிறேன் என்று இடம் மாறிப் போவது உண்டு. இடம் தாராளமாகக் கிடைக்கும்.

வீடு மாற்றாததற்குக் காரணம் அம்மா. அவளுக்குக் காலையில் காசிமேட்டு மீன் வேண்டும்.

என் பெண்ணைச் சேர்க்க வேண்டும், என்ன செய்ய?

யாருக்கும் பணம் கட்டாதீர்கள். ‘போர்ட்ஃபோலியோவுக்கு ஐம்பதாயிரம், கார்டுக்கு முப்பதாயிரம்’ என்று கேட்பவன் சினிமாக்காரன் இல்லை. மேக்கப் இல்லாமல், பகல் வெளிச்சத்தில், நேராகவும் பக்கவாட்டிலும் நாலு போட்டோ. போனில் ஒரு நிமிட வீடியோ: பெயர், வயசு, ஊர், தெரிந்த மொழி, ஒரு சின்ன நடிப்பு. இது போதும், எந்த காஸ்டிங் ஆளும் இதைத்தான் கேட்பார். முடிந்தால் ஏதாவது நாடகக் குழுவில் ஒரு வருடம் இருக்கட்டும். பசுபதி, கலைராணி எல்லாம் ந. முத்துசாமியின் கூத்துப்பட்டறையில் இருந்து வந்தவர்கள். மேடையில் நின்றவர்களுக்குச் சும்மா நிற்கத் தெரியும், அது சாதாரண விஷயம் இல்லை. முதல் ஷூட்டிங்குக்கு நீங்களும் கூடப் போங்கள். வேண்டாம் என்று சொல்லும் கம்பெனிக்கு அனுப்ப வேண்டாம்.

அந்த சீரியலில் உங்களை ஏன் சாகடித்தார்கள்?

இதுதான் இந்த வருடம் அதிகம் கேட்ட கேள்வி. எனக்கும் காரணம் சொல்லவில்லை. டி.ஆர்.பி., அதாவது பார்ப்பவர்கள் கணக்கு, இறங்கினால் கதையின் டிராக்கை மாற்றுவார்கள், முதலில் போவது அத்தைகள்தான். டைரக்டர் நேரில் சொல்லத் தயங்குவார். ஆர்ட் டிபார்ட்மெண்டில் இருந்து ஒரு தம்பி வந்து, “அக்கா, சிரிச்ச மாதிரி ஒரு போட்டோ வேணும்,” என்பான். புரிந்துவிடும். பிரேம் போட்டு, சந்தன மாலை போட்டு, சின்ன சிவப்பு பல்பும் மாட்டுவார்கள். என்னை இதுவரை ஐந்து முறை மாட்டியிருக்கிறார்கள்.

அம்மாவுக்கு இது பிடிக்காது. அந்த எபிசோட் வரும் அன்றைக்கு டிவியை நிறுத்திவிட்டு, எனக்கு உப்பு மிளகாய் சுற்றி அடுப்பில் போடுவாள். போன மாதம் வேறொரு தொடருக்கு வளசரவாக்கத்தில் ஒரு ஷூட்டிங் வீட்டுக்குப் போனேன். பழைய தொடரும் அதே வீட்டில்தான் எடுத்தது. ஹாலில் என் படம் இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது, மாலை மட்டும் காய்ந்துபோயிருந்தது. “அக்கா, ஒரு நிமிஷம்,” என்று தம்பி ஸ்டூல் போட்டு ஏறி அதைக் கழற்றி சோபாவுக்குப் பின்னால் கவிழ்த்து வைத்தான். அப்புறம் என் ஷாட்டை வைத்தார்கள். நான் புது சம்பந்தியம்மா, காபி டம்ளரோடு உள்ளே வர வேண்டும்.